மைமூன் உங்களுக்கு என்ன வேணும்?

இன்று மாலைக்குள் முடிவைச் சொல்லியாக வேண்டும் என்று உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டிருந்தது குழுவுக்குத்தான், எமல்டாவுக்கு அல்ல. ஆனாலும் விடிந்ததிலிருந்து சாப்பாடு இறங்காமல் இருந்தது அவளுக்குத்தான். உள்ளே இருந்தவர்களுக்கு நன்றாகவே இறங்கியது. சற்று முன்புதான் ஒரு தட்டு நிறைய வடை உள்ளே போனது, கதவு திறந்த நேரத்தில் யாரோ சிரிப்பதும் கேட்டது. சிரிக்கட்டும், வயிறு நிறைந்தவர்கள் சிரிக்கத்தானே செய்வார்கள். மதுரை பஸ் ஸ்டாண்டில் வாங்கிய இட்லியை இவள் பிய்த்துப் பிய்த்துப் பார்த்துவிட்டு மறுபடி பொட்டலமாகக் கட்டிப் பைக்குள் வைத்துவிட்டாள். குழுவின் அலுவலகத்து இரண்டாம் மாடி நடையில் சுவரோரம் போட்டிருந்த இரும்பு பெஞ்சுக்கு ஒரு கால் குட்டை. பக்கத்தில் உட்கார்ந்தவர் எழுந்தால் இந்தப் பக்கம் சாயும், அது தெரிந்து இடுப்பைக் கொஞ்சம் இறுக்கி உட்காருகிற அளவுக்கு அவளுக்கு அந்தப் பெஞ்சு பழகிப்போயிருந்தது. அந்தக் கதவுக்குப் பின்னால் இருப்பவர்கள்தான், சொந்தம் இல்லாத ஒருத்தருக்கு உறுப்பு கொடுக்க வருகிறவர்களை விசாரித்து, கொடுக்கலாம், கொடுக்கக் கூடாது என்று சொல்கிறவர்கள். எமல்டா கொடுக்க வந்தது ஒரு கிட்னி. இடதுபக்கத்துக் கிட்னி. ஸ்கேன் பார்த்த டாக்டர் அதுதான் எடுக்கத் தோது என்று சொன்ன நாளிலிருந்துதான் தனக்கு இடதுபக்கம் என்று ஒன்று இருப்பதே அவளுக்குத் தெரியவந்தது. அதற்கு முன்னால் நாற்பத்தைந்து வருஷம் அது அங்கேதான் இருந்தது, யார் நினைத்தார்கள், வண்டியில் சத்தம் போடாத பாகத்தை எந்த டிரைவர் நினைக்கிறான். இப்போது உட்கார்ந்தால் அங்கே கை போகிறது, படுத்தால் அங்கே கை போகிறது. கையை எடு, எமல்டா, பார்க்கிறவர்கள் வயிற்றுவலிக்காரி என்று நினைக்கப்போகிறார்கள்.

மைமூன் உங்களுக்கு என்ன வேணும்? அதைத்தான் கேட்பார்கள். போன தடவையும் அதைத்தான் கேட்டார்கள், அதற்கு முந்தின தடவையும். அக்காவா, தங்கச்சியா, மதினியா, சித்தி மகளா. ஒன்றுமில்லை என்றால் பேனாவை மூடி வைத்துவிட்டு நாற்காலியில் சாய்ந்துகொள்கிறார்கள், இவள் ஏதோ ஒளிக்கிறாள் என்பதுபோல. ஒளிக்க என்ன இருக்கிறது. தூத்துக்குடியில் ஒரு மஞ்சள் ஸ்கூல் வேன், அதை ஓட்டுகிறவள் எமல்டா, அதில் பிள்ளைகளைத் தூக்கி ஏற்றி இறக்கி விடுகிற ஆயா மைமூன். வீடு மேலும் கீழும். மைமூன் கீழே, இவள் மேலே. மைமூன் புருஷன் மாரடைப்பில் போனவர், இவள் புருஷன் தோணியில் போனவன். காலையில் ஒரே அடுப்பில் டீ, ராத்திரி ஒரே டிவியில் சீரியல், நடுவில் நாற்பது பிள்ளைகளின் சத்தம். பதினேழு வருஷம் இதுதான், மைமூனுக்குக் கிட்னி ரெண்டும் போகிற வரைக்கும். பெரிய ஆஸ்பத்திரி வாசலில் ஒருத்தன் வந்து ஒட்டிக்கொண்டான், வெள்ளைச் சட்டை, பையில் ரெண்டு செல்போன். "எக்கா, சித்தி பொண்ணுன்னு சொல்லிருங்க, நான் பேப்பர் ரெடி பண்ணுதேன். மதம் வேறன்னா என்ன, ஒங்க சித்தி ஓடிப்போயி பாய் வீட்டுல கல்யாணம் முடிச்சதா ஒரு கதையச் சேத்துக்கிடலாம்" என்றான். எமல்டாவின் சித்தி ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் போகவே மருமகள் துணை கேட்கிறவள். அவளை ஓடவிட்டுப் பார்த்து அன்றைக்கு டயாலிசிஸ் படுக்கையில் மைமூன் இருமுகிற வரைக்கும் சிரித்தாள். சிரிப்பு முடிந்ததும் கேட்டாள், "ஏட்டி, சொன்னாத்தான் என்ன, ஒரு பொய்தான?" இவளுக்குச் சட்டென்று கோபம் வந்துவிட்டது. பொய் சொல்வதற்காக இல்லை. போலீஸ்காரனிடம் சொல்லாத பொய்யா, ஸ்பீடு எவ்வளவு என்றால் நாற்பது என்று சொல்வதில்லையா. ஆனால் இதில் ஏன் சொல்ல வேண்டும், சொந்தம் என்று சொன்னால்தான் ஒருத்தி ஒருத்திக்குக் கொடுக்கலாமா, அப்படியானால் அந்தப் பதினேழு வருஷம் என்ன, ஓசியில் போனதா? சொந்தக்காரர்களையும்தான் பார்த்தாயிற்று. மைமூனின் மகள் ரிஸ்வானாவுக்கு ரத்த வகை சேரவில்லை, தம்பிக்குச் சர்க்கரை, மற்றவர்கள் பழம் வாங்கிக்கொண்டு வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். கிட்னிக்காரிக்கு ஆகாத பழமாகப் பார்த்து.

இத்தனைக்கும் முடியாது என்று குழுவில் ஒருநாளும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அன்றைக்கே சண்டை போட்டிருக்கலாம். முதலில் தலைவர் மாற்றலாகிப் போய்விட்டார், புதியவர் வரட்டும் என்றார்கள். புதியவர் வந்ததும் போலீஸ் விசாரணை அறிக்கை வரட்டும் என்றார்கள். அது வந்ததும் புருஷன் சம்மதக் கடிதம் என்றார்கள். மழைக்காலம் முழுக்க அதிலேயே போயிற்று. ராயப்பன் மாலத்தீவுக்குச் சரக்குத் தோணியில் போய் அங்கேயே ஒருத்தியோடு இருந்துவிட்டவன், மகனோ மகளோ பிறந்து அது பள்ளிக்கூடம்கூடப் போகும் இப்போது. பெஞ்சில் இருந்து எழுந்துபோய் கவுண்டரில் இருந்தவரிடம் அவள் கேட்டாள், "எங்க வீட்டுக் கேஸ் சிலிண்டர் மாத்த அவன் கையெழுத்து வேண்டாம், வேன் லோனுக்கு வேண்டாம், என் வயித்துக்குள்ள இருக்கதுக்கு மட்டும் அவன்கிட்ட கேக்கணுமா சார்?" சார் சிரிக்கவில்லை. பரிசீலனையில் இருக்கிறது என்றார். பரிசீலனை. பஸ்ஸில் திரும்பும்போதெல்லாம் அந்தச் சொல் பல்லிடுக்கில் மாட்டிய மீன்முள் மாதிரி நாக்கை இழுத்துக்கொண்டே இருந்தது. பரி, சீலனை, யாரோ ஒரு பெரிய வீட்டுப் பெண் பெயர் மாதிரி, பட்டுச்சேலை கட்டிக்கொண்டு, எப்போது போனாலும் தூங்குகிறாள், எழுப்பக் கூடாது, அவள் எழுந்திருக்கிற வரைக்கும் மைமூன் செத்துப்போகாமல் இருக்க வேண்டும். இரண்டு தடவை நுரையீரலில் நீர் கோத்து மூச்சுக்குத் தவித்து ஐசியுவுக்குப் போய் வந்துவிட்டாள். இரண்டாம் தடவை கண்ணாடி வழியாகப் பார்த்தபோது உதடு நாவல்பழம் தின்ற மாதிரி இருந்தது. அப்போதும் பரிசீலனை தூங்கிக்கொண்டுதான் இருந்தாள்.

மைமூனின் இடது கையில், டயாலிசிஸ் ஊசி குத்திக் குத்திப் புடைத்துப்போன இடத்தில் விரலை வைத்தால் உள்ளே தேனீ இரைகிற மாதிரி இரையும். இரைகிற வரைக்கும் நல்லது என்று நர்ஸ் சொல்லியிருந்தாள். எமல்டா வேனில் ஏறும் முன்பு தினமும் தொட்டுப் பார்ப்பாள், டயரில் காற்று பார்ப்பது மாதிரி. மைமூன் ஒரு நாளைக்குக் குடிக்கக்கூடிய தண்ணீர் ஒரு சின்ன பாட்டில். மே மாத வெயிலில் வேன் ஓட்டிவிட்டு வந்து இவள் அவள் கண்ணில் படாமல் மாடிக்குப் போய்க் குழாயில் வாய் வைத்துக் குடிப்பாள், திருடி மாதிரி, குடித்துவிட்டு வாயைத் துடைத்துக்கொண்டு இறங்குவாள், மைமூன் பார்த்ததுமே, "குடிச்சியா, நல்லாக் குடி, ஒனக்காவது எறங்கட்டும்" என்பாள். இதையெல்லாம் நினைத்தால் ஓடிப்போய் இப்போதே கிழித்து எடுத்துக் கொடுத்துவிடலாம் போல இருக்கும். ஆனால், இந்த ஆனாலிடம் வந்ததும் எமல்டாவின் நினைப்பு ஒவ்வொரு தடவையும் பெஞ்சு மாதிரி ஒரு பக்கம் சாய்ந்தது. ஆனால் குழுவில் தள்ளிப்போட்ட ஒவ்வொரு நாளும், கவுண்டரில் கத்திவிட்டு, வக்கீலிடம் அழுதுவிட்டு பஸ் ஏறினால், அருப்புக்கோட்டை தாண்டுவதற்குள் அவளுக்குத் தூக்கம் வந்துவிடும். நல்ல தூக்கம், சின்னப்பிள்ளைத் தூக்கம், எட்டயபுரம் வந்ததுகூடத் தெரியாத தூக்கம். மற்ற ராத்திரிகளில் வராதது அன்றைக்கு மட்டும் எங்கிருந்து வருகிறது? கேட்காதே. அலைச்சல், அவ்வளவுதான், அலைந்தால் தூக்கம் வராதா. அலைச்சல் என்றால் சனிக்கிழமை ஸ்பெஷல் கிளாஸ் ட்ரிப்பு முடித்த ராத்திரியும் வந்திருக்க வேண்டுமே. மயக்க மருந்து கொடுத்து எழுந்திருக்காமலே போனவர்கள் இருக்கிறார்கள், தெற்குத் தெருவில் கர்ப்பப்பை எடுக்கப் போன லூர்து அப்படித்தான் போனாள், இத்தனைக்கும் அது சின்ன ஆபரேஷன் என்றார்கள். நெஞ்சுக்குள் யாரோ ஒருத்தி இன்றைக்கும் தள்ளிப்போடுவார்களா என்று எட்டிப் பார்க்கிறாளா? பார்த்தால் பார்க்கட்டும், அவளை நான் கூட்டிக்கொண்டு வரவில்லை, அவளாக வந்திருக்கிறாள், அவளுக்கு இங்கே கையெழுத்து கிடையாது.

கேஸ் போட்டுக் கோர்ட்டில் நின்றது மட்டும் நினைத்து நினைத்துப் பார்க்க நன்றாக இருந்தது. கோமதி வக்கீல், ஒல்லியாக, கவுன் தோளில் நிற்காமல் வழுக்க வழுக்க ஓடுகிற பெண், "அம்மா, அவங்க அனுமதி குடுக்கணும்னு நாம கேக்க முடியாது, குடுப்பேன் இல்ல மாட்டேன்னு ஏதாவது ஒண்ணச் சொல்லுங்கன்னுதான் கேக்க முடியும்" என்று படியேறும்போதே சொல்லிவிட்டாள். அவ்வளவுதானா என்றிருந்தது. மாதக்கணக்கில் ஏங்கி, சுப்ரபாதம் பாடி ஒருத்தரை எழுப்பிவிட மட்டும்தானா இவ்வளவு பெரிய கட்டிடம். அரசு வக்கீல் எழுந்து குழு முனைப்போடு பரிசீலித்து வருகிறது, இன்னும் எட்டு வாரம் வேண்டும் என்றார். நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "உங்களுக்கு எட்டு வாரம் வேணும். அந்தம்மாவுக்கு எட்டு வாரம் இருக்கான்னு கேட்டீங்களா?" என்றார். சத்தமே போடவில்லை. பின்வரிசையில் சுவரோடு ஒட்டி நின்றிருந்த எமல்டாவுக்கு அந்த இடத்திலேயே கைதட்ட வேண்டும்போல இருந்தது. தட்டினால் பிடித்து உள்ளே போட்டுவிடுவார்கள் என்று இரண்டு கையையும் அக்குளுக்குள் வைத்துக்கொண்டாள். கணவர் கடிதம் கேட்டு வற்புறுத்தக் கூடாது, மனுதாரரை நேரில் விசாரித்து நான்கு வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும், நிராகரித்தால் காரணத்தோடு எழுத்தில் சொல்ல வேண்டும் என்று உத்தரவு. கோமதி அதைத் தமிழில் சொல்லச் சொல்ல, எமல்டா இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள். அந்த நான்கு வாரம் இன்றோடு முடிகிறது.

அப்போதுதான் கண்காணிப்பாளர் தெய்வநாயகம் கதவைத் திறந்து வெளியே வந்தார். மேல்சட்டையில் எண்ணெய்க் கறை. நல்ல மனுஷன்தான், ஒருநாளும் எடுத்தெறிந்து பேசினதில்லை, அதுவே எமல்டாவுக்கு எரிச்சல். "ஏம்மா, இன்னைக்குக் கூட்டம் நடக்காது போலருக்கு. ஒரு மெம்பர் வரலை, கோரத்துக்கு ஆள் பத்தலை. திங்கக்கிழமை வச்சுக்குவோம்" என்றார். நெஞ்சுக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தவள் பஸ்ஸுக்குச் சில்லறை எடுக்க ஆரம்பித்துவிட்டாள். அதுதான் எமல்டாவுக்குத் தாங்கவில்லை. தெய்வநாயகத்தின் மேல் வந்ததைவிட அவள் மேல்தான் கோபம் வந்தது. இரு, உன்னை என்ன செய்கிறேன் பார். "சரி சார். இன்னைக்கு முடியாதுன்னு ஒரு தாள்ல எழுதி, கையெழுத்துப் போட்டுத் தாங்க" என்றாள். "அதெல்லாம் எழுதித் தர முடியாதும்மா." "எழுத முடியாதுன்னா முடியும்னு அர்த்தம். நான் இருக்கேன்." "சொன்னாப் புரிஞ்சுக்கங்க, சாயங்காலம் ஆபீசப் பூட்டிருவோம்." "பூட்டுங்க. நான் உள்ள இருக்கேன்னு தெரிஞ்சே பூட்டுனியன்னு நாளைக்குக் கோர்ட்டுல சொல்லுதேன்." கோமதிக்கு போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தாள். கோமதி நடந்துகொண்டே பேசினாள், பின்னால் ஹாரன் சத்தம். "சார், வணக்கம். கோரம் இல்லன்னா அவகாசம் கேட்டு நேத்தே மனு போட்டிருக்கணும். போடலை. நாளைக்குக் காலையில நான் கோர்ட் அவமதிப்பு போடுவேன், பேர் போட்டுத்தான் போடுவேன், குழுன்னு பொதுவாப் போட மாட்டேன்." தெய்வநாயகம் போனைப் பார்த்தார், எமல்டாவைப் பார்த்தார், கழுத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார். பெஞ்சு சாய்ந்தது. அவள் இடுப்பை இறுக்கிக்கொண்டாள். தொண்டை காய்ந்திருந்தது, பாட்டிலில் தண்ணீர் இருந்தது, குடித்தால் என்ன, இங்கே மைமூன் இல்லையே, ஆனாலும் குடிக்கவில்லை. வெயில் ஜன்னல் கம்பியைத் தாண்டி அவள் கால்விரல் வரைக்கும் வந்த நேரத்தில், வராத மெம்பர் மூச்சு வாங்க மாடியேறி வந்தார், கையில் பேரனின் பள்ளிக்கூடப் பை. வழியில் எடுத்துக்கொண்டு வந்திருப்பார் போல. ஒருத்தர் வருவதற்குப் பின்னால் கோர்ட்டே நின்று தள்ள வேண்டியிருக்கிறது. உள்ளே கூப்பிட்டார்கள்.

நீளமான மேசை, அந்தப் பக்கம் நாலைந்து பேர், நடுவில் தலைமை டாக்டர், நரைத்த முடியைக் குட்டையாக வெட்டிய அம்மா. பணம் வாங்கினீர்களா என்றுதான் ஆரம்பித்தார்கள். "வாங்கியிருந்தா இத்தன நாளு இங்கன வந்து உக்காந்திருப்பேனாம்மா, அதுக்குன்னு உள்ள ஆளுவ எப்பவோ வேற வழி பாத்திருப்பாவ" என்றாள். யாராவது வற்புறுத்தினார்களா. இல்லை. அவர் உங்களுக்கு ஏதாவது பெரிய உதவி செய்திருக்கிறாரா, உயிரைக் காப்பாற்றினார், அப்படி ஏதாவது? கேட்டவர் பள்ளிக்கூடப் பைக்காரர். எமல்டா தேடிப் பார்த்தாள், உண்மையாகவே தேடிப் பார்த்தாள், இருந்தால் சொல்லிவிட்டுப் போகலாமே. ஒன்றும் அகப்படவில்லை. மைமூன் அவளைக் கடலிலிருந்து இழுத்துப் போட்டதில்லை, தீயிலிருந்து தூக்கி வந்ததில்லை. "அப்பிடி ஒண்ணும் செய்யல்ல சார்." "அப்ப எதுக்கும்மா? அவங்க உங்களுக்கு என்ன வேணும்?" வந்துவிட்டது. பஸ்ஸில் பாடம் பண்ணிவைத்ததெல்லாம் எங்கே போயிற்று, தோழி, உற்ற தோழி, கோமதி சொல்லிக்கொடுத்த அன்பின் அடிப்படையில் என்கிற வரி, எல்லாம் வாய்க்குள் அட்டை மாதிரி இருந்தன. "நான் ஸ்கூல் வேன் ஓட்டுதேன் சார். ரிவர்ஸ் எடுக்கும்போது பின்னால சின்னப் பிள்ளைய நிக்கும், ஒண்ணு குனிஞ்சு செருப்ப மாட்டும், கண்ணாடியில தெரியாது. மைமூன் பின்னால நின்னு வான்னா வருவேன், நில்லுன்னா நிப்பேன். பதினேழு வருஷமா நான் திரும்பிப் பாத்ததில்ல. ஒரு பிள்ளைக்கு ஒரு கீறல் இல்ல. அவ சீக்குல விழுந்ததுல இருந்து வேற ஆள் நிக்கி, நல்ல பிள்ளதான், ஆனா நான் எறங்கிப் பாத்துட்டுத்தான் எடுக்கேன், அது வான்னு சொன்னாலும் எறங்கிப் பாக்கேன்." நிறுத்தினாள். இது பதிலா, அவர்கள் கேட்டது இதுவா. குரல் அவளை மீறி ஏறியது. "அவ எனக்கு என்ன வேணும்னு எல்லாரும் கேக்கியோ. அக்கா வேணும், தங்கச்சி வேணும்னு சொன்னா எழுதிக்கிடுவிய. எனக்கு அதெல்லாம் வேண்டாம் சார். எனக்கு அவ வேணும். அம்புட்டுதான். அது காரணமில்லன்னா, இல்லன்னு எழுதிக் குடுங்க. நான் அதையும் எடுத்துக்கிட்டு மேல போவேன்." தலைமை டாக்டர் வெளியே காத்திருக்கச் சொன்னார்.

கொஞ்ச நேரத்தில் கொடுத்துவிட்டார்கள். அனுமதி என்று. கையெழுத்து, முத்திரை, தேதி, எல்லாம். தெய்வநாயகம் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, "நல்லாருங்கம்மா" என்று சொன்னார். அவர் முகத்திலும் ஏதோ இறங்கின மாதிரி இருந்தது. எமல்டாவுக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது, சந்தோஷம் என்றுதான் நினைக்கிறாள், தாளை மடித்துப் பைக்குள் வைத்தாள். படி இறங்கப்போனவளைத் தலைமை டாக்டர் பின்னாலேயே வந்து நிறுத்தினார், பக்கத்தில் யாரும் இல்லாத இடமாகப் பார்த்து. "ஒண்ணு மட்டும் சொல்லணும். ஆபரேஷன் மேஜையில படுக்கிற நிமிஷம் வரைக்கும் வேண்டாம்னு சொல்ல உங்களுக்கு உரிமை இருக்கு. காரணம் சொல்ல வேண்டாம். அவங்ககிட்ட உடம்பு பொருந்தலைன்னு மட்டும் சொல்லிருவாங்க, நீங்க சொன்னது யாருக்கும் தெரியாது." சொல்லிவிட்டு, தோளை லேசாகத் தொட்டுவிட்டுப் போய்விட்டார். எமல்டா படியின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். இத்தனை மாதம் முட்டி முட்டித் தள்ளிய கதவை யாரோ உள்ளேயிருந்து சட்டென்று திறந்துவிட்ட மாதிரி, விழாமல் நிற்க எதையாவது பிடிக்க வேண்டியிருந்தது. இனிமேல் தலைவர் மாற மாட்டார். ராயப்பன் குறுக்கே வர மாட்டான். கோபப்பட ஆளே இல்லை. போகலாம், வேண்டாம் என்று சொல்லலாம், யாருக்கும் தெரியாது, அந்த அம்மாவே வழியைக் காட்டிவிட்டுப் போகிறார். இடதுபக்கத்தில் கை போயிற்று. இந்தத் தடவை எடுக்கவில்லை. உள்ளே இருந்தவள் இப்போது எட்டிப் பார்க்கவில்லை, நேராக வந்து எதிரில் நின்றாள், அவளுக்கும் எமல்டாவின் முகம்தான், வெளிறிப்போய், வாயோரம் வறண்டு. இவ்வளவு நாளும் இவளுக்காக யாரோ தள்ளிப்போட்டுக்கொண்டிருந்தார்கள், இனி இவளே செய்தால்தான் உண்டு. செய், பார்ப்போம், உன்னால் முடிந்தால் தள்ளிப்போடு. எமல்டா போனை எடுத்தாள்.

மைமூன் டயாலிசிஸில் இருந்தாள், மெஷின் சத்தம் கேட்டது. "குடுத்துட்டாவ" என்றாள் எமல்டா. "ஏட்டி, கேக்கா?" "கேக்கு" என்றாள் மைமூன். பிறகு மைமூன் மெதுவாகச் சொன்னாள், "எமல்டா, ஒனக்குப் பயமா இருந்தாச் சொல்லிருட்டி. படச்ச ரப்பு மேல சத்தியமா நான் ஒண்ணும் நெனைக்க மாட்டேன். ஒரு வார்த்த சொல்லு போதும்." இல்லை, பயமெல்லாம் ஒன்றுமில்லை என்று சொல்லத்தான் எமல்டா வாயைத் திறந்தாள். எத்தனையோ தடவை சொன்னதுதான், நாக்குக்குப் பழகினதுதான். "பயமாத்தான் இருக்கு" என்றது வாய். "ரொம்பப் பயமா இருக்குட்டி. காலெல்லாம் ஆடுது." "அப்போ?" "அப்போ என்ன. பயந்துக்கிட்டே வாரேன். நீ டாக்டர்ட்ட தேதி கேளு. இருக்கதுலேயே பக்கத்துல உள்ள தேதியாக் கேளு."